மூடியை மட்டும்தான் திறந்தேன்

இந்தக் காலத்து ஆட்களுக்குச் சத்தம் போடத் தெரியும், போட்ட சத்தத்தை எடுத்துவைக்கத் தெரியாது. நாக்கைச் சொடுக்கி விளக்கைப் பற்றவைப்பார்கள். சீட்டியடித்துத் தண்ணீரைக் குளிரவைப்பார்கள். மூக்கால் முனகி அடுப்பைச் சூடாக்குவார்கள். வேலை முடிந்ததும் வாயைத் துடைத்துக்கொண்டு போய்விடுவார்கள். அந்தச் சொடுக்கும் சீட்டியும் முனகலும் சுவரில் ஒட்டிக்கொண்டு கிடக்கும். சும்மாவும் கிடக்காது, தன் வேலையைச் செய்துகொண்டே இருக்கும். ஆள் இல்லாத வீட்டில் விளக்கு எரியும். வெறும் பாத்திரம் காய்ந்து கருகும். எங்கள் தெருப் பூட்டுக் கடைக்காரர் தன் சீட்டியைச் சுவரிலேயே விட்டுவிட்டு வெளியூர் போனார். திரும்பி வந்து பார்த்தால் அவர் வீட்டுப் பூனை ஜன்னலோரம் விறைத்து உட்கார்ந்திருந்தது. செத்துவிடவில்லை. ஆனால் அதற்குப் பிறகு அந்தப் பூனை அவரை மதிப்பதில்லை.

அப்படிப்பட்ட நேரத்தில் என்னைக் கூப்பிடுவார்கள். நான் ஒலி அணைப்பவன். ஒரு செம்புக் குடம், உள்ளே கம்பளி ஒட்டியிருக்கும். குடத்தின் வாயைச் சுவரில் வைத்து அழுத்தினால் ஒட்டியிருக்கிற சத்தம் உள்ளே இறங்கிவிடும். மூடியைப் போட்டு, ஊருக்கு வெளியே மணல் பள்ளத்தில் கொண்டுபோய்க் கொட்டினால் மணல் குடித்துவிடும். இவ்வளவுதான் தொழில். ஊரில் எனக்குக் கம்பளி என்று பெயர். நேரில் கம்பளியார் என்பார்கள், முதுகுக்குப் பின்னால் வேறு ஏதாவது சொல்வார்கள். சொல்லட்டும்.

எனக்கு ஒரே மகள். அவள் கடற்கரைச் சரக்குத் துறையில் சுமைக்குரல்காரி. அடித்தொண்டையில் 'ம்' என்று பிடித்தாளானால் கப்பல் சரக்கு அத்தனையும் எழும்பி அந்தரத்தில் நிற்கும். வெட்டவெளியில் சத்தம் ஒட்டிக்கொள்ளச் சுவர் கிடையாது. அதனால் அவள் நிறுத்தினால் பாரம் கீழே வந்துவிடும். பாரம் மேலே இருக்கும்போது தும்மக்கூடக் கூடாது என்பது துறையின் சட்டம். போன வாரம் ஒரு நண்பகலில், பாரம் பாதி உயரத்தில் நிற்கும்போது, அவள் குரலை விட்டுவிட்டு நடந்து போய்விட்டாள். கீழே அவள் புருஷன் இருந்தார். உயிருக்கு ஒன்றும் இல்லை. கால்கள் இரண்டும் நசுங்கிவிட்டன.

கேட்டால், "ஏன் போனேன்னு எனக்கே தெரியல" என்று அழுகிறாளாம். இதை யார் நம்புவார்கள்? புருஷனுக்கும் பெண்டாட்டிக்கும் கொஞ்ச காலமாகச் சண்டை என்று பக்கத்து வீட்டார் வேறு சொல்லிவிட்டார்கள். வேண்டுமென்றே போட்டாள் என்று முடிவாகிவிட்டால் குரலை அணைத்துவிடுவார்கள். அதாவது குடத்தின் வாயைத் தொண்டையில் வைத்து அழுத்துவது. அப்புறம் பேச்சு கிடையாது, பிழைப்பு கிடையாது. தன் வீட்டு விளக்கைப் பற்றவைக்க எதிர்வீட்டு வாசலில் போய் நிற்க வேண்டும்.

பெற்றவன் என்பதால் என்னை விட்டுவிட்டு அடுத்த ஊர்க் கம்பளிக்காரனை வரவழைத்திருந்தார்கள். அவனை எனக்குத் தெரியும். மூடியைச் சரியாகப் போடத் தெரியாதவன். மணலுக்குப் போகிற வழியெல்லாம் சிந்திக்கொண்டே போவான். அவன் போன தெருவில் விளக்கெல்லாம் கண்ணடிக்கும். அந்த முரட்டுக் கை என் மகள் தொண்டையில் குடத்தை வைப்பதா? அதனால்தான் விசாரணைக்குப் போனேன். மனசாட்சி உறுத்தியது, அது இது என்று யாரும் கதை கட்ட வேண்டாம்.

விசாரணை அதிகாரி ஒரு பெண். என் மகளைவிடக் கொஞ்சம் மூத்தவராக இருப்பார். புதுக் கட்டடம். உள்ளே பேசுவது சுவரில் ஒட்டாமல் இருக்க நான்கு பக்கமும் பஞ்சு வைத்து அடித்திருந்தார்கள். விரலால் தட்டிப் பார்த்தேன்.

"நல்ல பஞ்சா பெரியவரே?"

"பஞ்சு நல்ல பஞ்சுதாம்மா. ஆணி அடிச்சவன்தான் அவசரக்காரன்."

"உக்காருங்க. ஆணிய அப்புறமா திட்டலாம்."

"நின்னே சொல்லிடறேன்."

"உங்க முகத்தப் பாத்தா நீளமான சமாச்சாரமா தெரியுது. கால் வலிக்கும், உக்காருங்க."

உட்கார்ந்தேன். கெட்டிக்காரி. கெட்டிக்காரர்களை நான் நம்புவதில்லை. ஆனாலும் வேறு யாரிடம் சொல்வது?

வீட்டுக் கூப்பாட்டிலிருந்து தொடங்கினேன். குழந்தை நடக்கத் தொடங்கியதும் தாய் அதற்கென்று ஒரு சத்தம் வைப்பாள். பெயர் இல்லை, பாட்டு இல்லை, அந்தக் குழந்தைக்கு மட்டுமான ஒரு சத்தம். வாசலில் நின்று அதைக் கொடுத்தால் குழந்தை எங்கே இருந்தாலும் கால் வீட்டுப் பக்கம் திரும்பும். காதால் கேட்பது இல்லை அது, காலால் கேட்பது. அதனால் கூப்பிட்டார்கள் என்றே அதற்குத் தெரியாது. தானாகத்தான் வருகிறோம் என்று நினைத்துக்கொண்டு வரும். ஏன் வந்தாய் என்று கேட்டால் தண்ணீர் தாகம் என்று சொல்லும், பம்பரம் எடுக்க வந்தேன் என்று சொல்லும். காரணத்தை மனசே தயார் செய்துகொள்ளும்.

என் மனைவி வைத்த கூப்பாடு, 'ஊ' என்று ஆரம்பித்து, நடுவில் உடைந்து, ஒரு செருமலோடு முடியும். அந்தச் செருமலை அவள் வேண்டுமென்று வைக்கவில்லை. கூப்பாடு வைத்த அன்றைக்கு அவளுக்கு ஜலதோஷம். வைத்தது வைத்ததுதான், மாற்ற முடியாது. அதற்கப்புறம் மகளைக் கூப்பிடும்போதெல்லாம், தொண்டை பளிங்கு மாதிரி இருந்தாலும், செருமித்தான் ஆக வேண்டும். "ஒரு நாள் காத்திருந்து வெச்சிருக்கலாமில்ல?" என்று நான் கேட்பேன். "ஒரு நாள் காத்திருந்திருந்தா உங்களக்கூடக் கட்டியிருக்க மாட்டேன்" என்பாள். அவளுக்கு வாய் அப்படி.

பிள்ளை வளர்ந்துவிட்டால் கூப்பிடுவதை நிறுத்திவிட வேண்டும் என்பது முறை. தாய் செத்துவிட்டால், அவள் நின்று கூப்பிட்ட கதவுநிலையில் ஒட்டியிருக்கிற கூப்பாட்டை என் மாதிரி ஒருவன் வந்து எடுத்துவிட வேண்டும். எடுக்காவிட்டால் காற்றடிக்கிற நாளில் அது தானே அசையும். மீசை வைத்த ஆம்பிளைகள் கடையைத் திறந்தபடி விட்டுவிட்டு, யாரும் இல்லாத வீட்டுக்கு நடந்து வந்து திருதிருவென்று நிற்பார்கள். எத்தனையோ வீடுகளில் எடுத்திருக்கிறேன். ஒன்றைக்கூடச் சிந்தியதில்லை.

மனைவி போனதும் என் வீட்டுக் கதவுநிலையிலும் நான்தான் எடுத்தேன். குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு மணல் பள்ளத்துக்கு நடந்தேன். குடம் வெதுவெதுப்பாக இருந்தது. அவளை இடுப்பில் தூக்கிக்கொண்டு நடந்தது அதுதான் முதல் தடவை. உயிரோடு இருக்கும்போது அதற்கு அவளும் சம்மதித்திருக்க மாட்டாள், எனக்கும் தெம்பு இருந்திருக்காது. பள்ளத்து விளிம்பில் கொஞ்ச நேரம் நின்றேன். அப்புறம் திரும்பி வந்துவிட்டேன். கொட்டியாயிற்று என்று ஊரில் சொன்னேன். கம்பளி சொன்னால் நம்புவார்கள். குடத்தை அடுப்புக்கு மேலே பலகையில் வைத்தேன்.

"எதுக்காக வெச்சிருந்தீங்க?" என்று அதிகாரி கேட்டார்.

"செருமலக் கேக்கலாம்னுதான்."

உண்மையாகவே அதற்குத்தான். ஒரு சாயங்காலம் வீடு ரொம்ப அமைதியாக இருந்தது. என் தொழிலுக்கு அமைதி பிடிக்க வேண்டும், பிடிக்கவில்லை. மூடியைத் திறந்தேன். ஊ என்றது, உடைந்தது, செருமியது. மூடிவிட்டேன். அடுப்பில் வைத்த தண்ணீர் கொதித்து அடங்குவதற்குள் வாசலில் மகள். பாலத்துக்கு அந்தப் பக்கம் அவள் வீடு. மூச்சு வாங்கிக்கொண்டு நின்றாள்.

"என்னம்மா இந்த நேரத்துல?"

"விளக்கு எரியுதான்னு பாக்க வந்தேம்ப்பா. திடீர்னு நெனப்பு வந்துச்சு." உள்ளே வந்து சுற்றிப் பார்த்தாள். "வீடா இது? சட்டியெல்லாம் அப்படியே கெடக்கு."

"நீ வருவேன்னுதான் கழுவாம வெச்சேன்."

"நா வருவேன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"அப்பனுக்குத் தெரியாதா?"

"அம்மா இருந்திருந்தா சட்டியாலயே போட்டிருப்பா" என்று சிரித்துக்கொண்டே கழுவினாள். சிரிப்பு அவள் அம்மா சிரிப்புதான்.

கவனியுங்கள். விளக்கு என்று நான் அவளுக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. அது அவள் மனசில் இருந்து வந்தது. என்மேல் அக்கறை இல்லாதவளுக்கு அந்தக் காரணம் எப்படி வாயில் வரும்? நான் மூடியை மட்டும்தான் திறந்தேன். இதை அதிகாரியிடமும் சொன்னேன். அவர் குனிந்து எழுதிக்கொண்டார்.

பிறகு அவ்வப்போது திறந்தேன். பிறகு அடிக்கடி திறந்தேன். தோழியின் கல்யாண வீட்டிலிருந்து வந்தாள், தலையில் பூவோடு. அப்பா சாப்பிட்டாரோ என்று தோன்றியதாம். சந்தையிலிருந்து வந்தாள், வாங்கிய காய்களைக் கடையிலேயே விட்டுவிட்டு. செருப்புப் போடாமல் வந்து பாதம் கொப்பளித்த நாளில் நானே எண்ணெய் தடவிவிட்டேன். பெற்றவன் இல்லையா. ஒரு நாள் கையில் ஈரத் துணியோடு வந்து நின்றாள். புருஷனுக்குக் கடும் காய்ச்சல், நெற்றியில் துணி போட்டுக்கொண்டிருந்தவள் துணியோடே எழுந்து வந்துவிட்டாள். வாசலில் நின்று அந்தத் துணியைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "இத எதுக்குக் கொண்டாந்தேன்?" என்றாள். "காயப்போடத்தான்" என்றேன். கொடியில் போட்டாள்.

அதிகாரி இந்த இடத்தில் நிமிர்ந்தார்.

"மாப்பிள்ளைக்குக் காய்ச்சல்னு உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

"காலையில சொல்லி அனுப்பியிருந்தாளே. தெரியும்."

"தெரிஞ்சுமா திறந்தீங்க?"

"தெரிஞ்சதாலதாம்மா திறந்தேன். சும்மா இருக்கும்போது வர்றதுல என்ன இருக்கு? சும்மா இருந்தா பூட்டுக் கடைக்காரர் பூனைகூட வரும்."

அவருக்கு இது புரிந்த மாதிரி தெரியவில்லை. படித்தவர்களுக்கு எதையும் இரண்டு முறை சொல்ல வேண்டியிருக்கிறது. ஒரு அப்பனுக்குத் தன் மகள் எதையெல்லாம் விட்டுவிட்டு வருவாள் என்று தெரிந்துகொள்ள ஆசை இருக்காதா? அவள் சொல்ல மாட்டாள். நானும் கேட்க முடியாது. அப்புறம் எப்படித்தான் தெரிந்துகொள்வது?

இதனால் அவர்கள் வீட்டில் சண்டை வந்திருக்கிறது. எதற்கு இப்படிப் போகிறாய் என்று மாப்பிள்ளை கேட்பார். அவளுக்கே தெரியாது, ஆகவே ஒவ்வொரு தடவையும் ஒரு காரணம் சொல்வாள். ஒரு காரணமும் இன்னொரு காரணமும் ஒட்டாது. பொய் சொல்கிறாள் என்று அவர் நினைத்தார். தனக்குப் புத்தி பிசகிவிட்டதோ என்று அவளே பயந்தாளாம். அதை இப்போதுதான் சொன்னார்கள். என்னிடம் அவள் சொன்னதில்லை. சொல்லியிருந்தால் ஆறுதல் சொல்லியிருப்பேன்.

மாப்பிள்ளையைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். தங்கமான ஆள். குரல்தான் கிடையாது. அவர் முனகினால் இறகுகூட அசையாது. அதனால்தான் துறையில் சரக்கை வலை போட்டுக் கட்டுகிற வேலை. அவர் "மாமா" என்று கூப்பிட்டதைக் கொசு என்று நினைத்து நான் கையை வீசியது உண்டு. அதற்கும் சிரிப்பார். போன வாரம், அந்த நண்பகலுக்கு முந்தின நாள், என்னைப் பார்க்க வந்தார். அவர் மட்டும்.

"மாமா, கடலுக்கு அந்தப் பக்கம் ஒரு துறையில ரெண்டு பேருக்கும் வேல கெடச்சிருக்கு. அவளுக்கும் இடம் மாறினா நல்லதுன்னு தோணுது."

"என்ன நல்லது?"

"தூக்கமில்ல, நிம்மதியில்ல. கால்ல சக்கரம் கட்டின மாதிரி ஓடுறா. அத்தை போனாலும் அத்தை கூப்பாடு இன்னும் போகலபோல" என்று சொல்லிச் சிரித்தார். விளையாட்டாகத்தான் சொன்னார். என் கண் பலகைப் பக்கம் போகாமல் பிடித்துக்கொண்டேன்.

"கடல் தாண்டினா?"

"கடல் தாண்டி எந்தக் கூப்பாடு மாமா கேக்கும்? உப்புத்தண்ணி குடிச்சிடாதா? நீங்களும் எங்களோட வந்துடுங்க. அங்கயும் சுவரு இருக்கு, சத்தம் ஒட்டாமயா இருக்கும்?"

"எனக்குக் கப்பல் ஒத்துக்காது."

"ஏறியே பாத்ததில்லையே நீங்க!"

"அதான் இன்னும் உசிரோட இருக்கேன்."

போகும்போது என் வாசல் விளக்கைத் துடைத்து வைத்துவிட்டுப் போனார். அப்படிப்பட்ட ஆள். அவர்மேல் எனக்கு ஒரு கோபமும் இல்லை என்பதை அதிகாரியிடம் அழுத்திச் சொன்னேன்.

"சரி. அன்னிக்கு நடந்ததச் சொல்லுங்க" என்றார்.

அன்றைக்கு அடுப்படியில் இருந்தேன். துறையில் சங்கு ஊதியது. பாரம் மேலே ஏறிவிட்டது, கீழே யாரும் நிற்கக் கூடாது என்பதற்கான சங்கு. என் வீட்டுக்கு நன்றாகக் கேட்கும்.

"கேட்டுச்சா?"

"கேட்டுச்சு."

"பாரத்த யார் பிடிச்சிருக்காங்கன்னு தெரியுமா?"

"அந்த நேரத்துக்கு அவதான். வேற யாரு?"

"அப்புறம்?"

"திறந்தேன்."

பஞ்சு அறையில் சொன்ன சொல் எங்கேயும் ஒட்டாமல் அப்படியே விழுந்தது. ஏன் என்று அவர் கேட்டார். நான் மறைக்கவில்லை. கல்யாண வீட்டை விட்டுவிட்டு வந்தாள், காய்ச்சலை விட்டுவிட்டு வந்தாள், இதையும் விட்டுவிட்டு வருவாளா என்று பார்க்க நினைத்தேன். வந்துவிட்டால் கடல் தாண்டிப் போகட்டும், பரவாயில்லை, எனக்குத் தெரிந்தது போதும் என்று இருந்தேன். மாப்பிள்ளை கீழே வருவார் என்று நான் கண்டேனா? சங்கு ஊதியபின் கீழே வரக் கூடாது என்பது சட்டம். அவள் நடக்கத் தொடங்கியதும் அவர் சட்டத்தை மறந்து, அவளைக் கூப்பிட்டுக்கொண்டே குறுக்கே ஓடிவந்திருக்கிறார். தன் குரலையெல்லாம் திரட்டிக் கூப்பிட்டாராம். அவள் திரும்பவே இல்லையாம். இதைக் கேட்டபோது எனக்கு வருத்தமாகத்தான் இருந்தது. முழுக்க வருத்தம் என்று சொல்ல மாட்டேன்.

அவள் வாசலில் வந்து நின்றபோது கழுத்து நரம்பு இன்னும் புடைத்திருந்தது, உள்ளே பாரம் இருக்கிற மாதிரி. "அடுப்புல தண்ணி வெச்சீங்களான்னு பாக்க வந்தேம்ப்பா" என்றாள். "இனிமேதான், நீயே வை" என்றேன். வைத்தாள். ஆளுக்கு ஒரு டம்ளர் வெந்நீர் குடித்தோம். அவள் கை தொண்டையைத் தடவிக்கொண்டே இருந்தது. ஏன் தடவுகிறது என்று அவளுக்குத் தெரியவில்லை, என்னிடம் கேட்டாள். அப்போதுதான் துறையிலிருந்து ஆட்கள் ஓடிவந்தார்கள்.

அதிகாரி நோட்டை மூடி வைத்தார். அப்புறம் எழுந்து, வெளியே உட்கார்ந்திருந்த அடுத்த ஊர்க்காரனை ஊருக்குப் போகச் சொன்னார். அவன் குடத்தைத் தூக்கும்போதே மூடி கழன்று விழுந்தது. நான் சொன்னேன் இல்லையா.

"உங்க மகளுக்கு ஒண்ணும் ஆகாது. அவங்க குரல் அவங்ககிட்டயே இருக்கும்" என்றார். "அந்தக் குடத்த எடுத்துவர ஆள் அனுப்பியாச்சு. உங்களுக்கு என்ன தண்டனைன்னு பெரிய சபைதான் சொல்லும். அதுவரைக்கும் ஊர விட்டுப் போகாதீங்க."

"நா எங்கம்மா போகப்போறேன்? என்னக் கூப்பிட யாரு இருக்கா?"

"பக்கத்து அறையிலதான் உங்க மகள் இருக்காங்க. நீங்க சொன்னத அவங்களுக்குச் சொல்லியாகணும்."

"எல்லாத்தையுமா?"

"எல்லாத்தையும்."

"ஈரத் துணிய விட்டுடுங்க. சங்கடப்படுவா."

என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு உள்ளே போனார். பஞ்சு நல்ல பஞ்சு, ஒன்றுமே கேட்கவில்லை. வெகு நேரம் கழித்து வந்தார்.

"பெரியவரே, அவங்க அறைக்கு ரெண்டு கதவு. ஒண்ணு இந்த வாசலுக்கு வரும். இன்னொண்ணு பின்தெருவுக்கு, ஆஸ்பத்திரிப் பக்கம். எப்படி வேணும்னாலும் போகலாம்னு சொல்லிட்டேன். நீங்க இங்க காத்திருக்கறதையும் சொன்னேன்."

"என்ன சொன்னா?"

"உங்கள யாராவது கூப்பிட்டாங்களான்னு கேட்டாங்க. யாரும் கூப்பிடல, நீங்களாத்தான் வந்தீங்கன்னு சொன்னேன்."

வாசல் பெஞ்சில் உட்கார்ந்தேன். வெயில் சுவரை விட்டு இறங்கியது. வேலை முடிந்து ஆட்கள் போனார்கள். காவல்காரர் சாவிக்கொத்தோடு வந்தார்.

"எந்திரிங்க பெரியவரே, பூட்டணும்."

"மகள் வரணும்."

"அவங்க அப்பவே அந்தப் பக்கமா போயிட்டாங்களே."

"நீ பாத்தியா?"

"பாத்தேனே. ஓடினாங்க."

"ஓடினாளா? வழி தெரியாம ஓடியிருப்பா. இது என்ன கட்டடமா, எலி வளையா? எந்தக் கதவு எங்க போகுதுன்னு கட்டினவனுக்கே தெரியாது."

"கதவு மேல எழுதியிருக்கு பெரியவரே."

"எழுதியிருந்தா மட்டும்? அழுத கண்ணுக்கு எழுத்து தெரியுமா?"

அவர் பூட்டை இழுத்துப் பார்த்துக்கொண்டார். அவரோடு வாதாடி என்ன ஆகப்போகிறது? நான் எழுந்து நடந்தேன். புருஷனை ஒரு எட்டுப் பார்த்துவிட்டு வருவாள், பார்க்க வேண்டியதுதானே. அப்புறம் ஏதாவது நினைப்பு வரும் அவளுக்கு. விளக்கோ, அடுப்போ. பாலத்துப் பக்கம் போகாமல் குறுக்குச் சந்தில் புகுந்து வேகமாக நடந்தேன். எனக்கு முன்னால் அவள் வந்து, பூட்டிய கதவைப் பார்த்துத் திரும்பிவிடக் கூடாது.